கல்லில் பிறந்த மணம்: ‘பெட்ரிகோர்’ என்னும் சொல்லின் வரலாறு

சொற்கள் பிறக்கின்றன, வளர்கின்றன, சில பொருள் மாறுகின்றன, சில வழக்கொழிந்து மறைகின்றன. தமிழ் இலக்கணம் பயில்வோர் இவ்வுண்மையை நன்கறிவர். ஆயினும், பெரும்பாலான சொற்கள் எந்நாளில், எவரால், எக்கருத்தை உட்கொண்டு ஆக்கப்பட்டன என்று கூறுதல் இயலாது. ‘நீர்’ என்னும் சொல்லை முதன்முதலில் உரைத்தவர் யார் என வினவின் விடை கிடைக்காது. அறிவியற் கலைச்சொற்கள் பல இதற்கு விலக்காக அமைந்துள்ளன. அவற்றுக்குப் பிறந்த ஆண்டு உண்டு, பெயரிட்டோர் உளர், அப்பெயரைத் தேர்ந்ததற்கான காரணமும் எழுத்தில் பதிவாகியுள்ளது. ஆதலின் ஒரு சொல்லின் வாழ்க்கையைத் தொடக்கம் முதல் தொடர்ந்து நோக்க விரும்புவோர்க்கு அறிவியற் சொற்கள் நல்ல வாய்ப்பாகும்.

அத்தகைய சொற்களுள் ஒன்று ‘பெட்ரிகோர்’. நெடுநாள் வறண்டு கிடந்த நிலத்தில் மழைத்துளி விழும்போது எழும் மணத்தைக் குறிக்கும் ஆங்கிலச் சொல் இது. 1964-ஆம் ஆண்டில் பிறந்த இச்சொல், ஆங்கிலத்தைத் தாய்மொழியாகக் கொண்டவருள்ளும் பலர் அறியாத அருஞ்சொல்லாகவே நெடுங்காலம் இருந்தது. இதனைத் தமிழில் பெயர்க்கச் சொன்னால் எந்த மாணவனும் தயங்காமல் ‘மண்வாசனை’ என்பான். அவ்விடை பொருத்தமானது போலவே தோன்றும். ஆனால், இச்சொல்லை ஆக்கியவர்கள் எதனைச் சொல்ல விரும்பினர், எதனைத் தவிர்க்க விரும்பினர் என்பதை அறிந்தபின் நோக்கினால், அவ்விடையில் ஒரு குறை இருப்பது புலனாகும். அக்குறை யாது என்பதை இச்சொல்லின் வரலாறே விளக்கும்.

சொல்லின் இரு உறுப்புகள்

‘பெட்ரிகோர்’ இரு கிரேக்கச் சொற்களின் கூட்டு. முன்னது ‘பெட்ரா’, கல் அல்லது பாறை என்பது அதன் பொருள். அன்றாட வழக்கில் உள்ள ‘பெட்ரோல்’ என்னும் சொல்லிலும் இக்கல்லே மறைந்துள்ளது. பெட்ரா என்பதனோடு எண்ணெய் எனப் பொருள்படும் ‘ஓலியம்’ என்னும் இலத்தீன் சொல் சேர்ந்து பெட்ரோலியம் ஆயிற்று; ‘பாறை எண்ணெய்’ என்பது அதன் நேர்ப்பொருள். விவிலியத்தில் வரும் பேதுரு என்னும் பெயரும் இவ்வேரினின்று கிளைத்ததே.

பின்னது ‘இகோர்’. தனித்து வழங்கும்போது ஆங்கிலேயர் இதனை ‘ஐகோர்’ என ஒலிப்பர். கூட்டுச்சொல்லில் முதலொலி குறுகிவிடுகிறது. கிரேக்கப் புராணங்களின்படி, தேவர்களின் நாளங்களில் ஓடும் நீர்மத்தின் பெயர் இது. ஹோமரின் இலியது காப்பியத்தில், ஐந்தாம் பகுதியில், டயோமிடீஸ் என்னும் வீரன் அப்ரோடைட்டி என்னும் பெண் தெய்வத்தின் கையைக் காயப்படுத்துகிறான். காயத்தினின்று வடிந்தது மனிதக் குருதியன்று, இகோர் என்று காப்பியம் கூறுகிறது. தேவர்கள் அப்பம் உண்பதில்லை, மதுவும் அருந்துவதில்லை. ஆகவே அவர்க்குக் குருதியும் இல்லை என்பது அங்கே காட்டப்படும் காரணம். கிரீட் தீவைக் காவல் புரிந்த டாலோஸ் என்னும் வெண்கல அரக்கனுக்கு உடல் முழுதும் ஒரே நாளந்தான். அதில் ஓடியதும் இகோரே என்று பிறிதொரு கதை உரைக்கிறது.

தேவர் உடலில் தோன்றிய இச்சொல் பின்னர் மருத்துவர் கைக்கு வந்தது. புண்ணினின்று கசியும் நீர்த்த கழிவுநீரை இகோர் என வழங்கலாயினர். 20-ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் பின்லாந்து நாட்டு நிலவியல் அறிஞர் செடர்ஹோம் இதனைப் பாறையியலுக்குக் கொணர்ந்தார். பாறைகளுக்குள் ஊடுருவி அவற்றைக் கருங்கல்லாக மாற்றுவதாகக் கருதப்பட்ட நீர்மத்திற்கு அவர் அப்பெயரைச் சூட்டினார். தேவரின் குருதி, புண்ணின் நீர், பாறையின் சாறு என மூவிடத்தும் ஒரு கருத்து நிலைத்திருந்தது. ஓர் உடலுக்குள்ளே மறைந்து நின்று, வெளிப்படும்போது மட்டும் அறியப்படும் நுண்ணிய நீர்மம் என்பதே அக்கருத்து.

பெயர் பெறுமுன் அம்மணம்

மழையால் நிலத்தினின்று எழும் மணம் மனிதர்க்குப் புதியதன்று. காளிதாசர் தம் இரகுவம்சத்தின் மூன்றாம் சருக்கத்தில் இதனை உவமையாகக் கையாண்டுள்ளார். கருவுற்ற அரசி சுதட்சிணை மண் உண்கிறாள். மண் மணக்கும் அவள் முகத்தை மோந்த அரசன் திலீபன் நிறைவு கொள்ளாது மீண்டும் மோக்கிறான். கோடையின் முடிவில் மேகத்துளி பட்ட காட்டுச் சுனையை மோந்து மோந்து நிற்கும் யானையை அவனுக்குக் கவிஞர் உவமை கூறுகிறார். கவிதையில் இவ்வாறு இடம்பெற்ற மணம், அறிவியல் நூல்களில் நெடுங்காலம் தனக்கென ஒரு பெயரின்றியே இருந்தது.

கனிமங்களை ஆராய்வோர் இதனை வேறொரு வகையில் அறிந்திருந்தனர். களிமண் கட்டியொன்றின்மீது வாயால் ஊதினால், மூச்சின் ஈரம் பட்டு ஒருவகை மணம் எழும். கையிலுள்ள கனிமம் களிமண் வகையைச் சேர்ந்ததா என்று கண்டறிய இம்மணம் ஒரு சோதனையாகப் பயன்பட்டது. அதற்கு அவர்கள் இட்ட பெயர் ‘களிமண் நாற்றம்’ என்னும் பொருள்படுவது. இது விளக்கத் தொடரேயன்றித் தனிப்பெயர் ஆகாது. அம்மணம் களிமண்ணுக்கே உரியது என்னும் எண்ணத்தையும் அத்தொடர் விதைத்துவிட்டது.

1891-ஆம் ஆண்டில் இருவேறு நாடுகளில் இதுபற்றிய எழுத்துகள் வெளிவந்தன. பிரான்சில் பெர்த்தலோ, ஆந்திரே என்னும் வேதியியலார் இருவர் மண்ணின் மணத்திற்குக் காரணமான பொருளைப் பிரித்தறிய முயன்றனர். அது நீராவியோடு சேர்ந்து வெளியேறக்கூடியது என்றும், கற்பூரத்தை ஒத்த மணமுடையது என்றும், மிகமிக நுண்ணிய அளவிலேயே மண்ணில் உள்ளது என்றும் அவர்கள் கண்டனர். அதே ஆண்டில் ஆங்கிலேய வேதியியலார் பிப்சன், மழைக்குப்பின் எழும் மணத்தைப்பற்றித் தனியே எழுதினார். செடிகொடிகளின் மணப்பொருள்கள் வெயிற்காலத்தில் நுண்துளைகள் உடைய மண்ணிலும் பாறையிலும் உறிஞ்சப்பட்டுத் தங்குகின்றன. மழைநீர் அத்துளைகளிற் புகும்போது அவை வெளியேற்றப்படுகின்றன என்பது அவர் கருத்து. இக்கருத்து பெரிதும் உண்மையை ஒட்டியது என்பது எழுபது ஆண்டுகளுக்கு மேல் கழிந்தபின்னரே தெளிவாயிற்று.

கன்னோசி நகரின் அத்தர்

ஆய்வுக்கூடங்கள் தேடிக்கொண்டிருந்த அப்பொருளை, வட இந்தியாவில் கைவினைஞர் சிலர் முன்பே குப்பியில் அடைத்து விற்றுவந்தனர் என்பது வியப்புக்குரிய செய்தி. கங்கைக் கரையை அடுத்த கன்னோசி, 7-ஆம் நூற்றாண்டில் ஹர்ஷரின் தலைநகராக விளங்கிய பழைய ஊர். நறுமண நெய்யங்கள் வடிப்பதில் அது புகழ்பெற்றது. மல்லிகை, ரோசா முதலிய மலர்களைப் போலவே மண்ணிலிருந்தும் அங்கே அத்தர் வடிக்கின்றனர். ‘மிட்டி அத்தர்’ என்பது அதன் பெயர். மண் அத்தர் என்பது பொருள்.

பருவமழைக்கு முந்திய கோடைக்காலமே இத்தொழிலுக்கு உரியது. வில்லைகளாகத் தட்டி உலர்த்திச் சுட்ட களிமண்ணைப் பெரிய செம்புக் கலத்தில் நீரோடு இட்டு, வாயை மண்ணால் பூசி மூடுவர். கீழே தீ எரியும். கலத்தினின்று எழும் ஆவி மூங்கிற் குழாய் வழியே சென்று, குளிர்ந்த நீர்த்தொட்டியில் வைக்கப்பட்ட மற்றொரு கலத்தை அடையும். அக்கலத்தில் சந்தன எண்ணெய் இருக்கும். ஆவியோடு வந்த மண்ணின் மணத்தைச் சந்தன எண்ணெய் பற்றிக்கொள்ளும். வேதியியலார் ‘நீராவியால் வடித்தல்’ என்று கூறும் முறையே இது. கன்னோசியின் கைவினைஞர் எந்தக் கோட்பாட்டையும் எழுதி வைக்கவில்லை. எனினும் வறண்ட மண்ணில் மணப்பொருள் ஒன்று தங்கியுள்ளது என்பதையும், அதனை நீராவியால் வெளிக்கொணரலாம் என்பதையும் அவர்தம் தொழில் மெய்ப்பித்துக்கொண்டிருந்தது.

1964: பெயர் சூட்டு

இச்செய்திகளையெல்லாம் ஒருங்கே நோக்கி, அம்மணத்திற்குத் தனிப்பெயர் தந்தவர்கள் ஆஸ்திரேலிய நாட்டு அறிஞர் இருவர். ஒருவர் இசபெல் ஜாய் பேர் அம்மையார். மற்றவர் ரிச்சர்ட் கிரென்பெல் தாமஸ். இருவரும் ஆஸ்திரேலியாவின் காமன்வெல்த் அறிவியல், தொழிலக ஆராய்ச்சி நிறுவனத்தில், மெல்போர்ன் நகரில் பணிபுரிந்தனர். 1927-இல் பிறந்த பேர் அம்மையார், 1944-இல் அந்நிறுவனத்தின் முன்னைய அமைப்பில் ஆய்வுக்கூட உதவியாளராகச் சேர்ந்து, படிப்பையும் பணியையும் ஒருசேர நடத்தி உயர்ந்தவர். 1988-இல் ஆஸ்திரேலிய வேதியியற் கழகத்தின் லைட்டன் பதக்கத்தைப் பெற்ற முதற் பெண்மணி அவரே. 2021-இல் அவர் மறைந்தார்.

திறந்த வெளியில், வெப்பமும் வறட்சியும் மிக்க சூழலில் கிடந்த பாறைகளையும் களிமண்ணையும் அவ்விருவரும் திரட்டினர். அவற்றை நீராவியால் வடித்தபோது மஞ்சள் நிறமான எண்ணெய்ப் பொருள் சிறிதளவு கிடைத்தது. மழைக்கால மணம் முழுதும் அவ்வெண்ணெயில் அடங்கியிருந்தது. காற்றில் கலந்துள்ள, பெரும்பாலும் செடிகொடிகளினின்று வெளிப்படும், கரிமப் பொருள்களைப் பாறையும் மண்ணும் வறட்சிக்காலத்தில் ஈர்த்து வைத்துக்கொள்கின்றன. காற்றின் ஈரப்பதம் உயரும்போது நுண்துளைகளில் நீர் புகுந்து அவ்வெண்ணெயை வெளியேற்றுகிறது என அவர்கள் விளக்கினர். மழை வருமுன்னரே மழையின் மணம் வருவதற்குக் காரணமும் இதனால் தெளிவாயிற்று.

1964 மார்ச்சு மாதம் ‘நேச்சர்’ இதழில் வெளிவந்த அவர்தம் கட்டுரையில் ‘பெட்ரிகோர்’ என்னும் பெயர் முதன்முதலாக இடம்பெற்றது. கல்லினின்று வெளிப்படும் நுண்ணிய சாரம் என்னும் கருத்தில் அப்பெயரை ஆக்கியதாக அவர்கள் குறித்தனர். கன்னோசி மரபின் மண் அத்தரையும் அக்கட்டுரையில் நினைவுகூர்ந்தனர்.

தமிழ் ஆசிரியர்கள் கருதத்தக்க செய்தி இங்கேதான் உள்ளது. பெயரிட்டோர் தம் சொல்லுக்கு இரண்டு எல்லைகளை வகுத்தனர். முதலாவது, இம்மணம் களிமண்ணுக்கு மட்டும் உரியதன்று. பலவகைப் பாறைகளிலும் உண்டு. ‘களிமண் நாற்றம்’ என்ற பழந்தொடர் தவறான எண்ணத்தைத் தருவதால், மண்ணைச் சுட்டாமல் கல்லைச் சுட்டும் சொல்லை அவர்கள் நாடினர். இரண்டாவது, பெட்ரிகோர் என்பது ஒரே ஒரு வேதியியற் பொருளின் பெயரன்று. பல பொருள்கள் கூடிய ஒருமித்த மணம் அது. இடத்துக்கு இடம் சிறிது வேறுபடினும், முகர்ந்தவுடன் இன்னதென்று அறியப்படும் பொதுத்தன்மை அதற்கு உண்டு. இவ்விரு எச்சரிக்கைகளோடுதான் அச்சொல் உலகிற்கு வந்தது.

உடன்பிறந்த மற்றொரு சொல்

அடுத்த ஆண்டே சொல்லின் பொருளில் ஓர் அசைவு தோன்றிற்று. 1965-இல் அதே அறிஞர் இருவரும், பெட்ரிகோரும் செடி வளர்ச்சியும் பற்றிய மற்றொரு கட்டுரையை வெளியிட்டனர். பாறையினின்று வடித்த அவ்வெண்ணெய் விதை முளைப்பதையும், இளஞ்செடி வளர்வதையும் தாமதப்படுத்துவதை அதில் காட்டினர். மணம் என்பது விதையைத் தடுக்காது. மணத்தைத் தாங்கிய எண்ணெயே தடுக்கும். எனவே இங்கே ‘பெட்ரிகோர்’ மணத்தைக் கடந்து அதன் கொள்கலமான பொருளையும் குறிக்கலாயிற்று. தமிழ் இலக்கணத்தில் ஆகுபெயர் என்று கூறப்படுவது இதுவே. ஒன்றன் பெயர் அதனோடு தொடர்புடைய மற்றொன்றுக்கு ஆகிவந்தது.

அதே 1965-இல் அமெரிக்காவின் ரட்கர்சு பல்கலைக்கழகத்தில் மற்றொரு சொல் பிறந்தது. நான்சி கெர்பர் அம்மையாரும் ஹியூபர்ட் லெசெவாலியே என்பாரும் மண்ணில் வாழும் ஆக்டினோமைசீட்டு வகை நுண்ணுயிர்களை ஆராய்ந்து, மண் மணம் கமழும் ஒரு பொருளைப் பிரித்தெடுத்தனர். அதற்கு ‘ஜியோஸ்மின்’ எனப் பெயரிட்டனர். ‘ஜி’ என்றால் கிரேக்கத்தில் நிலம். ‘ஓஸ்மி’ என்றால் மணம். காசநோய்க்கு மருந்தாகிய ஸ்ட்ரெப்டோமைசின் 1943-இல் கண்டறியப்பட்டதும் அதே பல்கலைக்கழகத்தில்தான். அம்மருந்தைத் தரும் நுண்ணுயிர்க் குடும்பமே ஜியோஸ்மினையும் தருகிறது.

ஜியோஸ்மின் ஒரு தனிப்பொருள். அதன் ஒரு மூலக்கூறில் கார்பன் அணுக்கள் 12, ஹைட்ரஜன் அணுக்கள் 22, ஆக்சிஜன் அணு 1 உள்ளன. இலட்சம் கோடிப் பங்கு நீரில் சில பங்கு கலந்திருந்தாலும் மனிதர் மூக்கு அதனை அறிந்துவிடும். பீட்ரூட் கிழங்கின் மண்சுவைக்கும், குளத்து மீனின் சேற்று வாடைக்கும், சில வேளைகளில் குடிநீரில் தோன்றும் மண் வாடைக்கும் இதுவே காரணம். புளிப்புப் பொருள் பட்டால் இது சிதைந்து மணமிழக்கும். சேற்று வாடையுள்ள மீனைப் புளி சேர்த்துச் சமைக்கும் வழக்கத்தின் பொருத்தம் இதனால் விளங்கும்.

மழை மணத்தின் கூறுகளுள் ஜியோஸ்மினும் ஒன்று. ஆனால் அதுவே முழு மணமும் ஆகாது. பெட்ரிகோர் ஒரு கூட்டின் பெயர். ஜியோஸ்மின் அக்கூட்டிலுள்ள ஓர் உறுப்பின் பெயர். மலர்மாலையையும் அதிலுள்ள ஒரு மலரையும் ஒன்றெனக் கொள்ளுதல் எத்தகையதோ, இவ்விரு சொற்களையும் ஒன்றெனக் கொள்ளுதலும் அத்தகையதே.

பின்வந்த ஆய்வுகள்

மணம் எவ்வாறு நிலத்தை விட்டுக் காற்றில் ஏறுகிறது என்னும் வினாவிற்கு 2015-இல் தெளிவான விடை கிடைத்தது. அமெரிக்காவின் மாசசூசெட்சு தொழில்நுட்பக் கழகத்தில் யங்சூ ஜௌங், கல்லன் பூயி ஆகிய இருவரும் விரைவுப் படக்கருவிகளைக் கொண்டு மழைத்துளியின் வீழ்ச்சியைப் பதிவு செய்தனர். நுண்துளைகள் உடைய தரையில் துளி விழும்போது, துளைகளிலுள்ள காற்று சிறு குமிழிகளாகத் துளிக்குள் சிக்குகிறது. அக்குமிழிகள் மேலெழுந்து வெடிக்க, மிக நுண்ணிய திவலைகள் காற்றில் தெறிக்கின்றன. தரையிலுள்ள பொருள்களை அவை சுமந்து செல்கின்றன. சோடா நீரின் மேற்பரப்பில் நுரை வெடித்துத் தெறிப்பது போன்றது இது. மெல்லிய மழையிலும் மிதமான மழையிலும் இத்திவலைகள் மிகுதி, பெருமழையில் குறைவு. தூறலில் மணப்பதுபோல் அடைமழையில் மணப்பதில்லை என்னும் பொதுமக்கள் அறிவிற்கு இது சான்றாயிற்று.

2020-இல் சுவீடன், பிரிட்டன் முதலிய நாடுகளின் ஆய்வாளர்கள், நுண்ணுயிர்கள் ஜியோஸ்மினை உண்டாக்குவதன் பயன் ஒன்றைக் கண்டறிந்தனர். மண்ணில் வாழும் ஸ்பிரிங்டெயில் என்னும் மிகச்சிறிய ஆறுகால் உயிர்கள் அம்மணத்தால் ஈர்க்கப்பட்டு வந்து, நுண்ணுயிரை உண்டு, அதன் நுண்வித்துகளை உடலில் சுமந்து சென்று பரப்புகின்றன. மலரின் மணத்திற்கு வண்டு வருவதை ஒப்பது இது.

வழக்கில் நேர்ந்த திரிபுகள்

ஆய்விதழ்களுக்குள் அடங்கியிருந்த ‘பெட்ரிகோர்’ பின்னர் பொதுவழக்கிற்கு வந்தது. 2011-இல் பிரிட்டனின் பி.பி.சி. ஒளிபரப்பிய ‘டாக்டர் ஹூ’ தொலைக்காட்சித் தொடரின் ஒரு பகுதியில் இச்சொல் கதையின் திறவுகோலாகவே அமைந்தது. அதன்பின் கவிதை எழுதுவோரும் நறுமணப் பொருள் விற்போரும் இதனை விரும்பி ஆளலாயினர். பரவலோடு திரிபும் வந்தது.

இன்று காணப்படும் திரிபுகள் மூன்று. மழையோடு தொடர்புடைய எந்த மணத்தையும் பெட்ரிகோர் எனல் முதல் திரிபு. இடி மின்னலுக்கு முன் எழும் காரமான மணம் ஓசோன் என்னும் வளியினது. மின்னலால் காற்றிலுள்ள ஆக்சிஜன் மாற்றமுற்று அது உண்டாகிறது. அதற்கும் கல்லுக்கும் தொடர்பில்லை. பெட்ரிகோரும் ஜியோஸ்மினும் ஒன்றே எனல் இரண்டாவது திரிபு. வறட்சி என்னும் இன்றியமையாத நிபந்தனையை மறத்தல் மூன்றாவது. நாள்தோறும் மழை பெய்யும் இடத்தில் எண்ணெய் சேர்வதற்குக் காலமில்லை. ஆகையால் ஆண்டு முழுதும் மழை காணும் மலேசிய, சிங்கப்பூர் மண்ணில் அன்றாட மழையைவிட, சில வாரம் வெயில் காய்ந்தபின் வரும் மழையே மணம் மிக்கதாக இருக்கும். ‘நெடிய வறட்சிக்குப்பின் விழுந்த முதல் தூறலில் பெட்ரிகோர் எழுந்தது’ என்பது செவ்விய வழக்கு. ‘மூன்று நாளாகப் பெய்யும் அடைமழையில் பெட்ரிகோர் கமழ்ந்தது’ என்பது பொருந்தா வழக்கு.

இத்தகைய திரிபுகள் ஆங்கிலத்திற்கு மட்டும் உரியவை அல்ல. தமிழில் ‘நாற்றம்’ என்னும் சொல் பழைய இலக்கியங்களில் மலர்மணத்தையும் குறித்தது. இன்று தீய மணத்திற்கே உரியதாயிற்று. சொல் பொருள் மாறுவது இயற்கை. ஆனால், பழந்தமிழ்ப் பாடலைக் கற்பிக்கும் ஆசிரியர் ‘நாற்றம்’ என்பதன் பழம்பொருளை விளக்காமல் சென்றால் பாடலே சிதைந்துவிடும். அறிவியற் சொல்லுக்கும் அதே நிலைதான்.

தமிழில் இதற்கு என்ன பெயர்?

இனி, ‘மண்வாசனை’ என்னும் விடைக்கு வரலாம். தமிழர் நெடுநாளாக அறிந்த அனுபவத்தை அச்சொல் அழகாகக் குறிக்கிறது. பேச்சிலும் கதையிலும் கவிதையிலும் அதனைவிடச் சிறந்த சொல் வேண்டியதில்லை. ஆயினும் அறிவியற் பாடத்தில் அதனை ஆளும்போது இரு இடர்கள் உள. ஒன்று, 1964-இல் பெயரிட்டோர் எந்த எண்ணத்தை விலக்க முயன்றனரோ, அதே எண்ணத்தை ‘மண்’ என்னும் முன்மொழி மீண்டும் கொணர்கிறது. மணம் மண்ணுக்கே உரியது என்று மாணவன் கொள்வான். மற்றொன்று, ‘மண்வாசனை’ தமிழில் வேறொரு பொருளையும் ஏற்றுக்கொண்டுவிட்டது. ஒரு வட்டாரத்தின் வாழ்க்கையும் பேச்சும் இயல்பாக அமைந்த படைப்பை ‘மண்வாசனை கமழ்கிறது’ என்று திறனாய்வாளர் பாராட்டுவர். 1983-இல் வெளிவந்த பாரதிராஜாவின் திரைப்படமும் இப்பெயரைத் தாங்கியதே. இலக்கியத்தில் வேரூன்றிவிட்ட சொல்லை ஆய்வுக்கூடத்தில் வரையறைக்குள் நிறுத்துதல் எளிதன்று.

அவ்வாறாயின் கல்லின் மணத்திற்குத் தமிழில் வழியில்லையா? உண்டு. அதற்குரிய சொல்லாக்க நெறியைத் தமிழ் முன்பே காட்டியுள்ளது. சித்த மருத்துவத்தில் ‘கன்மதம்’ என்று ஒரு சரக்கு உண்டு. வடமொழியில் சிலாசத்து எனப்படுவது. மலைப்பாறைகளினின்று கசிந்து திரளும் கருநிறப் பொருள் அது. கல், மதம் என்னும் இரு சொற்கள் புணர்ந்து கன்மதம் ஆயின. மதம் என்பது யானையின் கன்னத்தினின்று வழியும் மதநீர். பாறை கசிந்த பொருளைக் கண்ட தமிழ் மருத்துவர்கள், பாறையை யானையாகவும் கசிவை அதன் மதநீராகவும் எண்ணிப் பெயரிட்டனர். ஆஸ்திரேலிய அறிஞர் இருவர் கல்லையும் தேவர் நாளத்து நீர்மத்தையும் இணைத்து ‘பெட்ரிகோர்’ என்றனர். பொருள்கள் வேறு, காலமும் நாடும் வேறு, ஒருவரை ஒருவர் அறிந்ததுமில்லை. ஆனால் கல்லுக்கும் உயிருண்டு, அதன் உள்ளேயும் ஒன்று ஊறுகிறது என்னும் கற்பனை இரண்டிற்கும் பொது.

கன்மதம் என்னும் சொல் ஏற்கெனவே ஒரு பொருளுக்கு உரியதாகிவிட்டமையால் அதனையே பெட்ரிகோருக்கு வழங்குதல் குழப்பம் தரும். அதன் நெறியைப் பின்பற்றிக் கல்லையும் மணத்தையும் புணர்த்தினால் ‘கன்மணம்’ என்றாகும். லகர ஈற்றின்முன் மகரம் வர, லகரம் னகரமாகத் திரிதல் மாணவர் கற்ற புணர்ச்சி விதியே. கன்மணம் என்பது மணத்திற்கு ஆகும். அம்மணத்தைத் தாங்கிய எண்ணெயைக் ‘கன்மண நெய்யம்’ எனலாம். தனிப்பொருளின் பெயராகிய ஜியோஸ்மினை அவ்வாறே ஒலிபெயர்த்து ஆளலாம். அனுபவத்தைக் குறிக்க மண்வாசனை என்றும் உள்ளது. ஆங்கிலத்தில் ஒரே சொல் சுமந்து தடுமாறும் பொருள்களைத் தமிழில் இவ்வாறு பிரித்துக் காட்ட இயலும்.

‘கன்மணம்’ நிலைபெறுமா, பெறாதா என்பதை வழக்கே முடிவு செய்யும். வகுப்பறையில் கருதத்தக்கது அதனினும் அடிப்படையானது. கலைச்சொல்லை மொழிபெயர்ப்போர் பலர் அகராதியில் உள்ள ஒருவரிப் பொருளை மட்டும் நோக்கி, அதற்கு நேரான தமிழ்ச் சொல்லைத் தேடி அமைந்துவிடுகின்றனர். அகராதி ஒரு சொல்லின் பொருளைக் கூறும். அச்சொல் எதனை மறுப்பதற்காகப் பிறந்தது என்பதைக் கூறாது. பெட்ரிகோர் என்பதன் பொருள் மழை மணம் என்று அகராதி உரைக்கும். ‘களிமண்ணுக்கு மட்டும் உரியதன்று’ என்ற மறுப்பும், ‘ஒரு பொருளன்று, ஒரு கூட்டு’ என்ற எச்சரிக்கையும் அதன் வரலாற்றில்தான் கிடைக்கின்றன. அவ்வரலாற்றை அறியாமல் ஆக்கப்படும் தமிழ்ச்சொல், மூலச்சொல் திருத்திய பிழையையே மாணவர் நெஞ்சில் மீண்டும் பதித்துவிடும்.

அறிவியலைத் தமிழில் கற்பிக்க இயலும் என்று மேடைகளில் முழங்குதல் எளிது. அதனை மெய்ப்பிக்கும் பணி சொல்தோறும் செய்யப்பட வேண்டியது. மாணவர் ஒவ்வொருவரும் ஓர் அறிவியற் சொல்லை எடுத்துக்கொண்டு, அதன் உறுப்புகள் யாவை, ஆக்கியவர் யார், எந்தப் பழஞ்சொல்லை விலக்கி அது வந்தது, பின்னர் எவ்வாறு பொருள் விரிந்தது என்று ஆராய்ந்து, இறுதியில் அதற்குத் தமிழ் வடிவம் காண முயலுதல் சிறந்த பயிற்சியாகும். அப்பயிற்சியில் இலக்கணம் பயன்படும். பழைய மருத்துவ நூல் பயன்படும். புதிய ஆய்விதழும் பயன்படும். கன்மதம் என்ற பழஞ்சொல் 1964-இல் பிறந்த ஆங்கிலச் சொல் ஒன்றுக்கு வழிகாட்டியாக அமைவதை நோக்கின், தமிழின் சொற்களஞ்சியத்தில் இன்னும் எத்தனை திறவுகோல்கள் எடுப்பாரின்றிக் கிடக்கின்றனவோ என எண்ணத் தோன்றும். அவற்றை எடுத்துப் பூட்டுகளில் பொருத்திப் பார்க்கும் பணி தமிழாசிரியர்க்கும் அவர்தம் மாணவர்க்கும் உரியது.